பாலத்தின் சாவி யார் கையில்? எல்லை ஆறு பிரித்த இரட்டை நகரங்களின் வாழ்க்கை

2020-ஆம் ஆண்டு மார்ச் மாதத்தின் நடுவில், கொரோனா தொற்றைத் தடுப்பதற்காகப் போலந்து அரசு தன் எல்லைகளை மூடியபோது, ஓல்சா ஆற்றுப் பாலங்களின் குறுக்கே தடுப்புகள் வந்து நின்றன. அந்த ஆற்றின் கிழக்குக் கரையில் போலந்தின் சியெஷின் நகரமும், மேற்குக் கரையில் செக் நாட்டின் செஸ்கி தியெஷின் நகரமும் கூப்பிடு தூரத்தில் இருக்கின்றன. காலையில் பாலத்தைத் தாண்டி வேலைக்குப் போய் மாலையில் வீடு திரும்பிக்கொண்டிருந்தவர்கள் அன்று திகைத்து நின்றார்கள். சில நாட்களில் போலந்துக் கரையில் ஒரு நீண்ட துணிப் பதாகை, எதிர்க்கரைக்கு முகம் காட்டித் தொங்கியது. "செக்கனே, உன்னைப் பிரிந்து ஏங்குகிறேன்" என்று அதில் எழுதியிருந்தது. பிறகு செக் கரையிலும் ஒரு பதாகை ஏறியது: "நானும்தான், போலந்துக்காரனே."

இந்த இரு வரிகள் அன்று உலகச் செய்தியாயின. ஆனால் அவற்றின் பொருள் முழுவதும் விளங்க வேண்டுமென்றால் நூறாண்டுகள் பின்னே போக வேண்டும். 1920 ஜூலை 28-ஆம் நாள்வரை அங்கே இரண்டு நகரங்கள் இல்லை. ஆஸ்திரிய-ஹங்கேரியப் பேரரசின் கீழ், போலந்து மொழியும் செக் மொழியும் ஜெர்மன் மொழியும் ஒரே தெருவில் பேசப்பட்ட ஒரே ஒரு நகரம்தான் இருந்தது. முதல் உலகப் போருக்குப் பின் பேரரசு சிதறியபோது, புதிதாகப் பிறந்த போலந்தும் செக்கோஸ்லோவாக்கியாவும் அந்த நிலப்பகுதி முழுவதற்கும் உரிமை கோரின. 1919 ஜனவரியில் அதற்காகச் சில நாட்கள் போரும் செய்தன. இறுதியில் வெற்றி பெற்ற வல்லரசுகளின் தூதர்கள் கூடி, ஆற்றின் வழியே கோடு போட்டார்கள். கோட்டையும் சந்தைச் சதுக்கமும் பழைய தேவாலயங்களும் போலந்துக்குப் போயின. இரயில் நிலையம் செக்கோஸ்லோவாக்கியாவுக்குப் போயிற்று. 1911-இல் இரயில் நிலையத்திலிருந்து நகரத்தின் நடுவே ஓடத் தொடங்கியிருந்த டிராம் வண்டி, தன் பாதையின் நடுவில் ஒரு நாட்டு எல்லை குறுக்கிட்டதால், 1921-இல் நிறுத்தப்பட்டது. பத்தே ஆண்டு வாழ்ந்த அந்த டிராம் வண்டியைப் போல ஒரு நகரம் பிளக்கப்பட்டதை எளிதாகக் காட்டும் சான்று வேறொன்று இருக்கும் என்று எனக்குத் தோன்றவில்லை.

எல்லை வகுப்பவர்களுக்கு ஆறு ஏன் பிடிக்கிறது என்பதற்குக் காரணம் தேட வேண்டியதில்லை. வரைபடத்தில் ஆறு ஏற்கெனவே ஒரு கோடாக இருக்கிறது. நிலத்தை அளக்கவோ எல்லைக்கல் நடவோ வேண்டியதில்லை. படை கடப்பதற்குக் கடினம், காவல் காப்பதற்கு எளிது. தலைநகரிலோ மாநாட்டு மண்டபத்திலோ உட்கார்ந்து பார்ப்பவருக்கு ஆறு என்பது பிரிக்கும் பொருள். ஆனால் ஆற்றங்கரையில் குடியிருப்பவருக்கு அது சேர்க்கும் பொருள். ஆழம் குறைந்த துறை எங்கே இருந்ததோ அங்கேதான் வண்டிகள் கடந்தன. வண்டிகள் நின்ற இடத்தில் சந்தை கூடியது. சந்தையைச் சுற்றி ஊர் எழுந்தது. ஊர் செழித்தபின் பாலம் வந்தது. பாலத்தின் மறுமுனையில் புறநகர் வளர்ந்தது. ஆகவே ஆற்றை எல்லையாக்கும்போது ஊரின் ஓரம் வெட்டப்படுவதில்லை. அந்த ஊர் எதனால் ஊரானதோ அந்த இடமே வெட்டப்படுகிறது.

இந்த வெட்டு எல்லா இடத்திலும் ஒரே விதமாக நடக்கவில்லை. சில நகரங்கள் பிளக்கப்பட்டவை. ரைன் ஆற்றின் இரு கரைகளிலும் ஒன்றாக இருந்த லாஃபென்பர்க், நெப்போலியன் காலத்தில் 1801-இல் ஏற்பட்ட உடன்படிக்கைக்குப் பின் இரண்டாகி, இன்று ஒரு பாதி ஜெர்மனியிலும் மறுபாதி சுவிட்சர்லாந்திலும் அதே பெயரோடு வாழ்கிறது. வேறு சில நகரங்கள் எல்லை வந்தபின், அந்த எல்லையின் காரணமாகவே பிறந்தவை. ரியோ கிராண்டே ஆற்றின் வடகரையில் 1755-இல் உருவான லரேடோ, 1848-இல் அமெரிக்காவுக்கும் மெக்சிகோவுக்கும் இடையே போர் முடிந்து ஆறு எல்லையானபோது, ஒரே நாளில் அமெரிக்க ஊராயிற்று. மெக்சிகோ மக்களாகவே இருக்க விரும்பிய குடும்பங்கள் ஆற்றைக் கடந்து தென்கரையில் நுவேவோ லரேடோவை, அதாவது புதிய லரேடோவை, அமைத்தன. அவர்கள் தங்கள் முன்னோரின் எலும்புகளையும் தோண்டி எடுத்துச் சென்றார்கள் என்ற கதை அங்கே இன்றும் சொல்லப்படுகிறது. கதை மெய்யோ அன்றோ, அது தலைமுறை தலைமுறையாகச் சொல்லப்படுவதே அந்தப் பிரிவு எவ்வளவு ஆழமாக உணரப்பட்டது என்பதற்குப் போதுமான சான்று.

ஸ்வீடனின் ஹாபரண்டாவும் இப்படிப் பிறந்ததுதான். 1809-இல் ரஷ்யாவிடம் தோற்ற ஸ்வீடன், பின்லாந்து முழுவதையும் இழந்தபோது, டோர்னே ஆறு புதிய எல்லையாயிற்று. ஆற்றின் முக்கிய ஓட்டம், இன்று பின்லாந்தில் இருக்கும் டோர்னியோ நகரம் அமைந்த தீவின் கிழக்கே செல்கிறது. அந்தக் கணக்குப்படி நகரம் ஸ்வீடனுக்கே சேர்ந்திருக்க வேண்டும். ஆனால் 1621-இல் தோன்றிய அந்த வணிக நகரத்தை ரஷ்யப் பேரரசர் விடவில்லை. தங்கள் சந்தையை இழந்த ஸ்வீடன், எதிரே தனக்கென ஒரு நகரத்தை வளர்த்தது. 1842-இல் ஹாபரண்டா நகர உரிமை பெற்றது. இன்று இரு நகரங்களுக்கும் நடுவே உள்ள எல்லையை, அங்கே பாலம்கூட இல்லாமல், ஈரநிலத்தின் மேல் போட்ட சாலை வழியாகவே நடந்து தாண்டிவிடலாம்.

ஆறு எல்லையாகிவிட்டது என்றால், ஆற்றில் எந்த இடத்தில் எல்லை என்ற கேள்வி உடனே எழுகிறது. இரு கரைகளுக்கும் சரி நடுவிலா, அல்லது படகு போகக்கூடிய ஆழமான ஓட்டத்தின் வழியாகவா? பன்னாட்டுச் சட்டத்தில் படகு செல்லும் ஆறுகளுக்கு இரண்டாவது முறையே பெரும்பாலும் பின்பற்றப்படுகிறது. ஆற்றின் ஆழ்ந்த ஓட்டத்தைக் குறிக்கும் தால்வெக் என்ற ஜெர்மன் சொல்லையே சட்ட நூல்களும் வைத்துக்கொண்டிருக்கின்றன. இதிலுள்ள சிக்கல் வெளிப்படையானது. ஆறு ஓரிடத்தில் நிற்பதில்லை. ஒரு கரையை அரித்து மறு கரையில் வண்டலைச் சேர்ப்பதும், பெருவெள்ளத்தில் புதிய வழி வெட்டிக்கொண்டு பாய்வதும் அதன் இயல்பு. இதற்கும் சட்டம் ஒரு விதி வைத்திருக்கிறது: ஆறு மெல்ல மெல்ல நகர்ந்தால் எல்லையும் அதனுடன் நகரும், திடீரென்று பாதை மாறினால் எல்லை பழைய பள்ளத்திலேயே நிற்கும். ஏட்டில் இது தெளிவான விதி. நிலத்தில் அதைப் பொருத்திப் பார்ப்பது எவ்வளவு கடினம் என்பதை எல் பாசோ, சியுதாத் ஹுவாரெஸ் என்ற இரட்டை நகரங்கள் நூறாண்டு காலம் அனுபவித்தன.

அமெரிக்காவின் எல் பாசோவுக்கும் மெக்சிகோவின் ஹுவாரெஸுக்கும் இடையே ஓடும் ரியோ கிராண்டே, 1848-க்குப் பிறகு தெற்கு நோக்கி நகர்ந்துகொண்டே வந்தது. 1864 வெள்ளத்தில் பெரிதாக விலகியது. பழைய பாதைக்கும் புதிய பாதைக்கும் இடையே ஏறக்குறைய 600 ஏக்கர் நிலம் வடகரையோடு ஒட்டிக்கொண்டது. சமிசால் என்று பெயர் பெற்ற அந்த நிலத்தில் எல் பாசோ வீடுகள் கட்டிக்கொண்டு பரவியது. நகர்வு மெதுவானது, ஆகவே நிலம் எங்களுடையது என்றது அமெரிக்கா. வெள்ளத்தால் வந்த திடீர் மாற்றம், ஆகவே எங்களுடையது என்றது மெக்சிகோ. 1911-இல் நடுவர் குழு நிலத்தின் ஒரு பகுதியை மெக்சிகோவுக்கு வழங்கியது. அமெரிக்கா அந்தத் தீர்ப்பை ஏற்கவில்லை. 1963-இல்தான் உடன்படிக்கை கையெழுத்தானது. 1967-இல் நிலம் முறையாகக் கைமாறியது. 1968 டிசம்பரில், இரு நாட்டு அதிபர்களும் கூடி நிற்க, ஆறு சிமெண்டால் கட்டிய கால்வாய்க்குள் திருப்பிவிடப்பட்டது.

இந்த நிகழ்வை இரு நாட்டு நல்லுறவின் வெற்றியாகவே அரசுகள் கொண்டாடின. ஒரு வல்லரசு தன் கைவசம் இருந்த நிலத்தைத் திருப்பித் தந்தது அரிய செயல் என்பதையும் மறுக்க முடியாது. ஆனால் அதற்காக எல் பாசோ பக்கத்தில் ஏறக்குறைய 5,600 பேர் தங்கள் வீடுகளை விட்டு வெளியேற வேண்டியிருந்தது. அவர்களில் பெரும்பாலோர் மெக்சிகோ வம்சாவளியினர். தாங்கள் நின்ற மண் எந்த நாடு என்று அவர்களை யாரும் கேட்கவில்லை. அதோடு, அந்த நகரங்களின் நடுவே ஓடிய ஆறும் போயிற்று. மேலே அணைகளும் பாசனக் கால்வாய்களும் நீரை எடுத்துக்கொள்வதால், ஆண்டின் பெரும்பகுதி அங்கே காண்பது இருபுறமும் சரிந்து இறங்கும் சிமெண்ட் கரைகளும் அடியில் வழியும் சிறு நீர்க்கோடும்தான். எல்லை நகராமல் இருக்க வேண்டும் என்பதற்காக ஆற்றையே அசையாமல் ஆக்கிவிட்டார்கள்.

இரட்டை நகரங்களின் அன்றாட வாழ்க்கையைப் பாலத்தின் இரு முனைகளிலும் கட்டியிருப்பவை இரண்டு கயிறுகள். ஒன்று உறவு: பெண் கொடுத்து பெண் எடுத்தது, ஒரே மொழி, ஒரே கோவில் அல்லது தேவாலயம், மறு கரையில் உள்ள பாட்டனின் கல்லறை. மற்றது வேறுபாடு: இந்தக் கரையில் கூலி அதிகம், அந்தக் கரையில் பெட்ரோல் மலிவு, இங்கே மருத்துவர் கிடைப்பார், அங்கே வீட்டு வாடகை குறைவு. முதல் கயிறு எல்லை வருவதற்கு முன்பே இருந்தது. இரண்டாவது கயிற்றை எல்லையே திரித்துத் தருகிறது. எந்த ஊரில் எந்தக் கயிறு வலுவானது என்பதைக் கண்டால், அந்த ஊரின் குணமும் பெரும்பாலும் விளங்கிவிடும்.

உறவுக் கயிறு வலுவாக இருக்கும் ஊருக்கு இமயமலைச் சரிவில் காளி ஆற்றின் இரு கரைகளிலும் ஒரே பெயரோடு இருக்கும் தார்ச்சூலா எடுத்துக்காட்டு. 1816-இன் சுகௌலி உடன்படிக்கை நேபாளத்தின் மேற்கு எல்லையைக் காளி ஆற்றோடு நிறுத்தியது. ஒரு தார்ச்சூலா இந்தியாவின் உத்தராகண்டில், மற்றது நேபாளத்தில். இரண்டையும் ஒரு தொங்கு பாலம் இணைக்கிறது. 1950 உடன்படிக்கையின் பயனாக இரு நாட்டு மக்களும் விசா இல்லாமல் கடக்கலாம். இந்த உறவை அங்குள்ளவர்கள் "ரோட்டி-பேட்டி" என்று சொல்கிறார்கள்; ரொட்டியும் மகளும், அதாவது பிழைப்பும் திருமணமும், பாலத்தின் வழியாகவே வந்து போகின்றன. மறு கரையின் கடிகாரம் 15 நிமிடம் முன்னால் ஓடுகிறது என்பதைத் தவிர அக்கரைக்குப் போனதற்கு அடையாளமே சில வேளைகளில் இராது. ஆனால் அந்தப் பாலத்துக்கும் வாயிற்கதவு உண்டு. அது திறக்கும் நேரமும் மூடும் நேரமும் உண்டு. 2020-இல் அந்தக் கதவு மாதக்கணக்கில் பூட்டப்பட்டபோது, இந்தியப் படையில் பணியாற்றி ஓய்வு பெற்ற நேபாளியர் இக்கரை வங்கியில் ஓய்வூதியம் வாங்குவதற்காக, குறிப்பிட்ட சில நாட்கள் மட்டும் அது திறந்துவிடப்பட்டது.

அங்கேயும் ஆறு சும்மா இருப்பதில்லை. 2013 ஜூன் மாதப் பெருவெள்ளத்தில் கரையோர வீடுகளும் கட்டடங்களும் அடித்துச் செல்லப்பட்டன. மலை ஆற்றின் ஒரு கரையில் தடுப்புச் சுவர் எழுப்பினால், வெள்ளத்தின் வேகம் மறு கரையில் போய் மோதும். இது எந்தப் பொறியாளரும் அறிந்த உண்மை. 2022 டிசம்பரில் இந்தியக் கரையில் நடந்த சுவர் வேலையின்மீது எதிர்க்கரையிலிருந்து கற்கள் பறந்து வந்தன. இரு கரை மக்களுக்கும் பகை என்று அதற்குப் பொருள் கொள்வது தவறு. ஒரே ஆற்றுக்கு இரண்டு கரைகளிலும் சுவர் வேண்டும் என்பதை இரண்டு அரசுகள் தனித்தனியே, வெவ்வேறு ஆண்டுகளில், வெவ்வேறு நிதியில் முடிவு செய்தால் வேறென்ன நடக்கும்?

வேறுபாட்டுக் கயிறு மட்டுமே இருந்த நகரம் எப்படி வாழ்ந்தது என்பதற்கு ஜெர்மனியின் கோர்லிட்ஸும் போலந்தின் ஸ்கோஜெலெட்ஸும் கண்முன் நிற்கின்றன. நைஸ ஆற்றின் இரு கரைகளிலும் பரவியிருந்த கோர்லிட்ஸ் ஒரே ஜெர்மன் நகரம். 1945 மே 7-ஆம் நாள், போர் முடிவதற்கு ஒரு நாள் முன்பு, பின்வாங்கிய ஜெர்மன் படையினர் அதன் பாலங்களை வெடி வைத்துத் தகர்த்தார்கள். பின்னர் ஆறு எல்லையாக்கப்பட்டது. கிழக்குக் கரையிலிருந்த ஜெர்மானியர் வெளியேற்றப்பட்டார்கள். அந்த வீடுகளில் போலந்து மக்கள் குடியேற்றப்பட்டார்கள். அவர்களில் பலர், சோவியத் ஒன்றியத்துக்குப் போய்விட்ட போலந்தின் கிழக்குப் பகுதிகளில் தம் வீடுகளை இழந்து வந்தவர்கள். சில ஆண்டுகள் கழித்து, உள்நாட்டுப் போரிலிருந்து தப்பி வந்த கிரேக்க அகதிகளும் ஆயிரக்கணக்கில் அங்கே தங்கவைக்கப்பட்டார்கள். சியெஷினில் எதிர்க்கரையில் நின்றவர் அத்தையும் மாமனும். இங்கே எதிர்க்கரையில் நின்றவர் முற்றிலும் அந்நியர், அதிலும் இந்த வீட்டின் பழைய சொந்தக்காரராகவும் இருக்கலாம்.

1950 ஜூலை 6-ஆம் நாள், ஸ்கோஜெலெட்ஸிலேயே கூடிய கிழக்கு ஜெர்மனியும் போலந்தும் ஓடர், நைஸ ஆறுகளே எல்லை என்று கையெழுத்திட்டன. ஆனால் மேற்கு ஜெர்மனி அந்த எல்லையை ஏற்காதவரை, இந்த வீடு நிலைக்குமா, மறுபடியும் மூட்டை கட்ட வேண்டியிருக்குமா என்ற அச்சம் கிழக்குக் கரை மக்களை விட்டு நீங்கவில்லை. நாளையே போக வேண்டியிருக்கலாம் என்று நினைப்பவர் கூரைக்கு ஓடு மாற்றுவதில்லை; இரண்டு தலைமுறைக்கு அந்த வீடுகள் பழுதுபட்டுக் கிடந்ததற்கு அதுவும் ஒரு காரணம். 1972-இல் விசா இல்லாமல் கடக்க வழி பிறந்தது. மறு கரைத் தொழிற்சாலைகளுக்கு வேலைக்குச் செல்வது, சாமான் வாங்கச் செல்வது என்று முதன்முறையாக இரு கரையினரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தார்கள். 1980 அக்டோபர் இறுதியில், போலந்தின் சாலிடாரிட்டி தொழிற்சங்க இயக்கம் தன் மக்களிடம் தொற்றிக்கொள்ளும் என்று பயந்த கிழக்கு ஜெர்மனி, அந்த வழியை அடைத்தது. கைக்கு எட்டிய உறவு மீண்டும் அறுந்தது.

பிறகு நடந்தது மெதுவான மாற்றம். 1998-இல் இரு நகரங்களும் தங்களைச் சேர்த்து "ஐரோப்பிய நகரம்" என்று அறிவித்துக்கொண்டன. 2004-இல் போலந்து ஐரோப்பிய ஒன்றியத்தில் சேர்ந்த அதே ஆண்டில், தகர்க்கப்பட்ட பழைய நகரப் பாலம் நடப்போருக்கும் மிதிவண்டிக்கும் உரியதாக மீண்டும் கட்டித் திறக்கப்பட்டது. 2007 டிசம்பர் 21 முதல் கடவுச்சீட்டுச் சோதனையும் இல்லாமற் போயிற்று. உறவில்லாத இரண்டு ஊர்கள், வேறுபாட்டினால் வந்த போக்குவரத்தைக் கொண்டே பழக்கத்தையும், பழக்கத்தைக் கொண்டு உறவையும் வளர்த்துக்கொண்டன. என் பார்வையில் இது சியெஷினின் கதையைவிடப் பெரிய சாதனை. ஏனெனில் இங்கே மீட்டெடுப்பதற்குப் பழைய உறவு என்று எதுவுமே இல்லை.

வேறுபாட்டினால் வரும் வணிகத்தை இழிவாகப் பேசுவோர் உண்டு. அதில் கள்ளக்கடத்தலும் கலந்திருப்பது உண்மைதான். போலந்தின் எல்லையோரங்களில், சிகரெட்டையும் சாராயத்தையும் அனுமதித்த அளவுக்குள் பலமுறை கொண்டுபோய் விற்றுப் பிழைத்தவர்களை "எறும்புகள்" என்ற பொருள்படும் சொல்லால் அழைத்தார்கள். சிறு சுமை, பல நடை: பெயர் பொருத்தமானதே. ஆனால் இந்த வேறுபாடு பெரிய தொழிலையும் தாங்குகிறது. மெக்சிகோ 1965-இல் தொடங்கிய எல்லையோரத் தொழில் திட்டத்தின் கீழ் ஹுவாரெஸில் எழுந்த மக்கிலாடோரா ஆலைகளில், வடக்கிலிருந்து உதிரிப்பாகங்கள் வந்து, குறைந்த கூலியில் கோக்கப்பட்டு, முழுப் பொருளாக மீண்டும் வடக்கே போகின்றன. அதாவது பொருள் பாலத்தை இருமுறை எளிதாகக் கடக்கிறது. அதைச் செய்த கைகளுக்கு அந்த வசதி இல்லை.

பாலமே இல்லாமற்போனால் என்னாகும் என்பதை டான்யூப் ஆற்றங்கரை மக்கள் அறிவார்கள். ஹங்கேரியின் எஸ்டர்கோம் நகரையும் ஸ்லோவாக்கியாவின் ஷ்டூரோவோ நகரையும் இணைத்த மரியா வலேரியா பாலம் 1944 டிசம்பர் 26-இல் தகர்க்கப்பட்டது. அது மீண்டும் திறக்கப்பட்டது 2001 அக்டோபர் 11-இல். ஏறக்குறைய 57 ஆண்டுகள், ஆற்றின் நடுவே தலையில்லாத தூண்கள் நின்றுகொண்டிருக்க, ஒரே ஹங்கேரிய மொழி பேசும் இரு ஊர்கள் ஒன்றையொன்று பார்த்துக்கொண்டிருந்தன. போரில் இடிந்த எத்தனையோ பாலங்கள் சில ஆண்டுகளில் எழுந்துவிட்டன. இது எழாததற்குப் பணமோ பொறியியலோ காரணமில்லை. அப்போதைய அரசுகள் இரண்டும் ஒரே அணியில் இருந்தும், எல்லைக்கு அப்பால் தன் மொழிக்காரர்களோடு நெருங்கிவிடக்கூடிய சிறுபான்மை மக்களுக்குப் பாலம் கட்டித் தரும் ஆர்வம் எழவில்லை. பாலம் திறந்தவுடன், ஷ்டூரோவோ மக்கள் எஸ்டர்கோமின் கார் தொழிற்சாலைக்கு வேலைக்குப் போகத் தொடங்கினார்கள்.

இரட்டை நகரங்களின் அடிப்படைத் துயரம் இதுதான் என்று நான் கருதுகிறேன்: பாலம் ஊரின் நடுவில் இருக்கிறது, சாவி தொலைவில் இருக்கும் தலைநகரில் இருக்கிறது. நகராட்சித் தலைவர்கள் இருவரும் வாரந்தோறும் சந்திக்கலாம், ஒரே மேசையில் உட்கார்ந்து குப்பை அள்ளுவது முதல் திருவிழா வரை பேசி முடிக்கலாம். ஆனால் பாலத்தை மூடுவதா திறப்பதா என்ற கேள்வியில் அவர்களுக்குக் குரலில்லை. தலைநகருக்கு அந்த ஊர் நாட்டின் கடைசி முனை. ஊருக்கோ அந்தப் பாலம் வீட்டின் நடைவழி.

இன்று இந்தத் துயரம் மிகக் கூர்மையாகத் தெரிவது எஸ்டோனியாவின் நார்வாவிலும் ரஷ்யாவின் இவான்கொரோடிலும். நார்வா ஆற்றின் ஒரு கரையில் ஹெர்மன் கோட்டை. எதிர்க்கரையில் 1492-இல் மூன்றாம் இவான் எழுப்பிய கோட்டை. இரண்டும் ஒன்றையொன்று முறைத்துப் பார்ப்பதைப் போல நிற்கின்றன. சோவியத் காலத்தில் அவற்றின் நடுவே இருந்த கோடு வெறும் நிர்வாகக் கோடு. 1991-இல் எஸ்டோனியா விடுதலை பெற்றபோது அது நாட்டு எல்லையாயிற்று. நார்வா மக்களில் மிகப் பெரும்பாலோர் ரஷ்ய மொழி பேசுபவர்கள். எதிர்க்கரையில் அவர்களுக்குப் பெற்றோரும் பிள்ளைகளும் இருக்கிறார்கள். 2024 பிப்ரவரி முதல் ரஷ்யா தன் பக்கத்துச் சோதனைச் சாவடியைச் சீரமைப்பதாகக் கூறி வாகனங்களை நிறுத்தியது. அதன்பின் நடந்துதான் கடக்க முடியும். அதே ஆண்டு மே மாதம் முதல் எஸ்டோனியா இரவு நேரத்தில் பாலத்தை மூடத் தொடங்கியது. வரிசையில் மணிக்கணக்கில் நின்று, சக்கரப் பெட்டியை இழுத்துக்கொண்டு பாலத்தைக் கடக்கும் முதியவர்களே அந்த எல்லையின் இன்றைய காட்சி.

அதே 2024 மே மாதத்தில், படகு செல்லும் வழியைக் காட்ட எஸ்டோனியா ஆற்றில் மிதக்கவிட்டிருந்த 24 மிதவைகளை ரஷ்ய எல்லைக் காவலர்கள் இரவில் அகற்றினார்கள். ஆண்டுதோறும் வசந்தத்தில் ஆழம் பார்த்து வைக்கப்படும் அந்த மிதவைகள் மீனவர்களுக்கும் குளிப்போருக்கும் வழிகாட்டி. இரு நாட்டுக்கும் இடையே முழுமையாக நடைமுறைக்கு வந்த எல்லை உடன்படிக்கை இன்றுவரை இல்லை. 2014-இல் கையெழுத்தானது உறுதிசெய்யப்படாமலே நிற்கிறது. இரண்டாம் உலகப் போரின் வெற்றி நாளாக ரஷ்யா கொண்டாடும் மே 9 அன்று ரஷ்யக் கரையில் மேடை அமைத்து, நார்வாவை நோக்கிப் பெரிய திரையும் ஒலிபெருக்கியும் வைத்துக் கச்சேரி நடத்துவது 2023 முதல் வழக்கமாகியிருக்கிறது; கோட்டைச் சுவரில் கண்டனப் பதாகையைத் தொங்கவிட்டு நார்வா அருங்காட்சியகம் அதற்கு மறுமொழி சொல்கிறது. ஓல்சாவின் கரையிலும் பதாகை தொங்கியது, நார்வாவின் கரையிலும் பதாகை தொங்குகிறது. முன்னதை எழுதியவர் அந்த ஊர்க்காரர். பின்னதன் பின்னால் ரஷ்யா உக்ரைன்மீது தொடுத்த ஒரு போர் நிற்கிறது.

சாவி தங்கள் கையில் இல்லாத ஊர்கள் கைகட்டி இருந்துவிடவில்லை. தலைநகரின் கண்ணுக்குச் சிறியதாகத் தெரியும் காரியங்களைக் கொண்டே அவை தங்களைப் பிணைத்துக்கொள்கின்றன. அமெரிக்காவின் கேலஸ், கனடாவின் செயிண்ட் ஸ்டீபன் நகரங்களில், தீப்பிடித்த செய்தி வந்தால் மறு கரைத் தீயணைப்பு வண்டியும் பாலத்தைக் கடந்து விரைகிறது. ஓடர் ஆற்றங்கரையில் ஜெர்மனியின் பிராங்க்ஃபர்ட்டும் போலந்தின் ஸ்வூபிட்சேயும் 2012 டிசம்பரில் ஒரு நகரப் பேருந்தைப் பாலத்தின் மீது ஓடவிட்டன. 1991-இல் மீண்டும் உயிர் பெற்ற பல்கலைக்கழகத்தின் மாணவர்கள் இரு கரையிலும் தங்கிப் படிக்கிறார்கள். வீடுகளைச் சூடேற்றும் வெந்நீர்க் குழாய்களும் இணைக்கப்பட்டுவிட்டன. இந்த வேலைகள் எளிதானவை அல்ல. ஒவ்வொன்றிலும் இரண்டு சட்டங்கள், இரண்டு காப்பீடுகள், இரண்டு தர அளவுகள் குறுக்கே வரும். லாஃபென்பர்க்கில் 2003-இல் புதிய பாலம் கட்டியபோது, ஜெர்மனி கடல்மட்டத்தை ஆம்ஸ்டர்டாமிலிருந்தும் சுவிட்சர்லாந்து மார்சேயிலிருந்தும் கணக்கிடுவதால் 27 செண்டிமீட்டர் வேறுபாடு உண்டு என்பதைத் தெரிந்தே வைத்திருந்தார்கள். ஆனால் திருத்தத்தைக் கூட்ட வேண்டிய இடத்தில் கழித்துவிட்டதால், இரு பக்கமும் 54 செண்டிமீட்டர் ஏற்ற இறக்கத்தோடு வந்து நின்றது. தவறு கண்டுபிடிக்கப்பட்டு, ஒரு பக்கத்து வேலை திருத்தப்பட்டு, பாலம் முடிந்தது.

ஹாபரண்டாவும் டோர்னியோவும் இவ்வகையில் எல்லோருக்கும் முன்னால் நடந்தவை. 1950-களிலேயே நார்டிக் நாடுகள் கடவுச்சீட்டு இல்லாத பயணத்தை அனுமதித்தன. 1970-களின் தொடக்கத்தில் இரு நகரங்களின் கழிவுநீரும் ஹாபரண்டாவில் உள்ள ஒரே சுத்திகரிப்பு நிலையத்துக்குப் போகத் தொடங்கியது. 1987-இல் இரு நகராட்சிகளும் கூட்டுப் பணிகளுக்கென ஓர் அமைப்பை நிறுவின. ஒரு பக்கம் யூரோ, மறுபக்கம் குரோனா. ஒரு மணி நேரம் வேறுபடும் கடிகாரங்கள். புத்தாண்டை முதலில் பின்லாந்துப் பக்கத்தில் வரவேற்றுவிட்டு, ஒரு மணி நேரம் கழித்து ஸ்வீடன் பக்கத்தில் மறுபடியும் வரவேற்கிறார்கள்.

அங்கேயும் 2020-இல் வேலி வந்தது. இரு நகரங்களும் கூடும் சதுக்கத்தின் நடுவே போடப்பட்ட அந்த வேலியின் இருபுறமும் நின்று குடும்பத்தினர் பேசிக்கொண்டார்கள். அறுபது ஆண்டுகளுக்கு மேலாக அங்கே யாரும் அப்படி ஒன்றைப் பார்த்ததில்லை. ஓடர், நைஸ பாலங்களில் 2023 அக்டோபர் முதல் ஜெர்மனியும், 2025 ஜூலை முதல் போலந்தும் மறுபடி சோதனைச் சாவடிகளை அமைத்திருக்கின்றன. வேலைக்குப் போகிறவர்கள் மறுபடி வரிசையில் காத்திருந்து பழகிக்கொண்டிருக்கிறார்கள். ஆனால் ஹாபரண்டாவில் வேலி நின்ற அந்த மாதங்கள் முழுவதும், டோர்னியோவின் வீடுகளிலிருந்து கழிவுநீர் சதுக்கத்துக்கு அடியில் புதைந்த குழாய்களின் வழியே எல்லையைக் கடந்து, எதிர்ப்புறத்து நிலையத்துக்கு எப்போதும்போலப் போய்க்கொண்டிருந்தது.